அசுரர் பக்கத்து நியாயம்: ராசிபுரம் மனோகரின் மேடையும் திரையும்

(மோகனூரில் ஆற்றிய சொற்பொழிவின் அச்சு வடிவம்)

நாமக்கல் மலையைக் குடைந்து செய்த நரசிம்மர் கோயிலுக்குள் போய் வராதவர்கள் இந்த அவையில் குறைவாகவே இருப்பார்கள். எட்டாம் நூற்றாண்டில் அதியமான் மரபைச் சேர்ந்த குணசீலன் குடைவித்த கோயில் அது. சுவரில் நரசிம்மர் இரணியனைக் கிடத்தி வயிற்றைக் கிழிக்கிறார். இன்னொரு பக்கம் ஒரு காலை வானுக்குத் தூக்கி உலகளந்த பெருமாள் நிற்கிறார். அவரிடம் மண்ணைத் தாரை வார்த்துவிட்டு எல்லாவற்றையும் இழந்தவன் மாவலி. இரண்டு சிற்பத்திலும் வென்றவர் கடவுள், தோற்றவன் அசுரன். ஆனால் அந்தக் கல்லை வடித்த சிற்பி அசுரனைச் சின்னவனாக்கவில்லை. இரணியன் உடம்பில் உயிர் துடிப்பது இன்றைக்கும் தெரிகிறது.

அந்தச் சாமியின் பெயரைத்தான் 1925 ஜூன் 29ஆம் தேதி நாமக்கல்லில் பிறந்த ஒரு ஆண் குழந்தைக்கு வைத்தார்கள். லட்சுமி நரசிம்மன். பூர்வீகம் ராசிபுரம், தகப்பனார் பெயர் சுப்பிரமணியம். ஆங்கில நாவலாசிரியர் ஆர்.கே. நாராயணனின் பெயருக்கு முன்னால் நிற்கும் முதல் எழுத்துக்கும் இதே ராசிபுரம்தான் சொந்தம். லட்சுமி நரசிம்மன் வளர்ந்து ஆர்.எஸ். மனோகர் ஆனார். பம்மல் சம்பந்த முதலியாரின் 'மனோகரா' நாடகத்தில் இளவரசன் வேடம் கட்டியதால் ஒட்டிக்கொண்ட பெயர் அது என்பார்கள். அந்தக் காலத்து அமெச்சூர் மேடையில் மனோகரன் வேடம் கிடைப்பதென்றால் லேசான காரியமில்லை. சங்கிலியால் கட்டுண்டு கிடக்கும் மனோகரன், தாய் சொன்ன மாத்திரத்தில் அதை அறுத்துக்கொண்டு பாயும் காட்சியில் கொட்டகை அதிர வேண்டும். குரல் இல்லாதவனுக்கு அந்த வேடம் கைகூடாது.

நரசிம்மன் பெயர் வாங்கிய பிள்ளை வாழ்நாள் முழுக்க மேடையில் யாருடைய வேடத்தைக் கட்டியது என்று பாருங்கள். இராவணன், இந்திரஜித், சூரபதுமன், நரகாசுரன், சிசுபாலன், அசுர குரு சுக்கிராச்சாரியார். சரித்திரத்துக்கு வந்தாலும் மாலிக்காபூர்தான். புராணமும் சரித்திரமும் யாரையெல்லாம் தோற்றவர் பட்டியலிலும் கெட்டவர் பட்டியலிலும் வைத்தனவோ, அவர்களையே தேடிப் பிடித்துத் தலைப்பில் ஏற்றி, அவர்கள் தரப்பைப் பேச வைத்தார். இதைத்தான் அவருடைய கலையின் மையமாக நான் பார்க்கிறேன். அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் டிரிக் சீன்களையும் செட்டுகளையும் பெரிதாகச் சொல்லி, இதை ஒரு வரியில் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

திரையில் அவர் நடந்து வந்த வழியை முதலில் பார்த்துவிடலாம். மனோகர் பச்சையப்பன் கல்லூரியில் படித்த பட்டதாரி. தபால் துறையில் வேலை. நாடகக் கம்பெனியில் ஏழெட்டு வயதில் சேர்ந்து, வாத்தியாரிடம் அடிவாங்கிப் பாடம் கற்றுச் சினிமாவுக்கு வந்த தலைமுறை அன்றைக்குத் திரையை நிறைத்திருந்தது. சம்பளமும் ஓய்வூதியமும் உத்தரவாதமான அரசாங்க வேலையிலிருந்து நடிப்புக்கு வந்தவர் இவர். 1951இல் 'ராஜாம்பாள்' வெளிவந்தது. ஜே.ஆர். ரங்கராஜுவின் துப்பறியும் நாவலை வைத்து எடுத்த அந்தப் படம்தான் மனோகருக்கு முதல் படம். வீணை எஸ். பாலசந்தர் அதில் வில்லன்.

அடுத்த ஆண்டு 'தாயுள்ளம்'. அதில் மனோகர் கதாநாயகன், ஜெமினி கணேசன் வில்லன். பின்னால் வந்த முப்பது ஆண்டுத் தமிழ் சினிமாவைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இது தலைகீழாகத் தோன்றும். காதல் மன்னன் கெட்டவனாக நடிக்க, கோட்டு சூட்டோடு கள்ளக்கடத்தல் கும்பலுக்குத் தலைமை தாங்கப் போகிறவர் நல்லவனாக நின்றார். ஒரு நடிகனின் முகத்தில் நன்மையும் தீமையும் பிறவியிலேயே எழுதியிருப்பதாக நாம் நம்புகிறோம். அந்த எழுத்தைப் போடுவது தயாரிப்பாளரும் வியாபாரமும்தான் என்பதற்கு 'தாயுள்ளம்' ஒன்றே போதும்.

அவருடைய திரை முகத்தைத் தீர்மானித்ததில் நம் சேலத்துக்குப் பங்கு உண்டு. திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர். சுந்தரம் சேலத்தில் ஏற்காடு போகும் சாலையில் நடத்திய மாடர்ன் தியேட்டர்ஸ், ஒரு பஞ்சாலை நடக்கிற ஒழுங்கோடு படம் எடுத்த இடம். ஸ்டூடியோ போய்விட்டது, அதன் முகப்பு வளைவு மட்டும் இன்றும் நிற்கிறது. அந்தப் பக்கம் பஸ்ஸில் போகிறவர்கள் பார்த்திருப்பார்கள். 1959இல் அங்கிருந்து வந்த 'வண்ணக்கிளி'யில் பிரேம் நசீர் கதாநாயகன். ஆனால் படம் பார்த்துவிட்டு வந்தவர்கள் பேசியது பூச்சி என்ற முரடனைப் பற்றி. கைலியும் முண்டாசும் மிரட்டும் பார்வையுமாக மனோகர் அந்தப் பூச்சியாக நடித்தார். பட்டதாரியிடமிருந்து அப்படி ஒரு காட்டு முரட்டுத்தனம் வருமென்று யாரும் எதிர்பார்த்திருக்க மாட்டார்கள்.

சுந்தரம் அவரை வில்லனாக மட்டும் அடைத்து வைக்கவில்லை. மறு வருஷமே, 1960இல், 'கைதி கண்ணாயிரம்' படத்தில் சிறை அதிகாரியாக, நல்லவர் பக்கம் நிறுத்தினார். கைதி வேடம் பி.எஸ். வீரப்பாவுக்கு. 1963இல் வந்த 'கொஞ்சும் குமரி'யை இன்றைக்கு மனோரமா ஆச்சி கதாநாயகியாக நடித்த படம் என்று சொல்லித்தான் அடையாளம் காட்டுகிறோம். அந்தக் கதாநாயகிக்கு நாயகன் மனோகர். நகைச்சுவை நடிகையையும் வில்லனையும் ஜோடியாக்கிப் படமெடுக்கும் துணிச்சல் சேலத்துக்கு இருந்தது, கோடம்பாக்கத்துக்கு அநேகமாக இருந்திருக்காது.

அதற்குப் பிறகு ஜெய்சங்கரின் துப்பறியும் படங்களும் எம்.ஜி.ஆர் படங்களும் வந்தன. 'வல்லவன் ஒருவன்', 'காவல்காரன்', 'அடிமைப்பெண்' என்று வரிசை நீள்கிறது. 1975இல் வந்த 'பல்லாண்டு வாழ்க' படத்தில், எம்.ஜி.ஆர் திருத்த அழைத்துப் போகும் கைதிகளில் ஒருவர் மனோகர். நம்பியாரும் வீரப்பாவும் அந்தக் கூட்டத்தில் உண்டு. தமிழ் சினிமாவின் வில்லன்களை ஒரே கொட்டடியில் அடைத்து மனம் திருந்த வைத்த படம் என்று அதைச் சொல்லலாம்.

இந்தப் படங்களில் அவருக்குக் கொடுத்த வேலை ஏறக்குறைய ஒன்றுதான். முதல் ரீலில் மிரட்ட வேண்டும், கடைசி ரீலில் அடிவாங்க வேண்டும். தன் பக்கத்து நியாயத்தைச் சொல்ல அங்கே இடம் கிடையாது. அந்த வேலைக்குக் கிடைத்த பணத்தை அவர் என்ன செய்தார் என்பதில்தான் கதை இருக்கிறது.

1954இல் மனோகர் 'நேஷனல் தியேட்டர்ஸ்' என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். சினிமாவுக்கு வந்து மூன்று ஆண்டுதான் ஆகியிருந்தது. சினிமா வாய்ப்பு வறண்ட பிறகு நாடகத்துக்குத் திரும்பியவர்கள் உண்டு. நாடகத்தை ஏணியாக வைத்துச் சினிமாவுக்கு ஏறியவர்கள் அதிகம். சினிமாவில் ஏறிக்கொண்டிருக்கும்போதே அதன் வருமானத்தைக் கொண்டுவந்து நாடகத்தில் கொட்டியவர்களை எண்ணிவிடலாம். சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ் ஒன்று, சிவாஜி நாடக மன்றம் ஒன்று, மனோகரின் குழு ஒன்று.

சமூக நாடகங்களோடுதான் குழு ஆரம்பித்தது. அவருக்குப் பெயர் கொடுத்தது 'இலங்கேஸ்வரன்'. எழுதியவர் துறையூர் கே. மூர்த்தி. துறையூர் நமக்கு எட்டும் தூரத்து ஊர்தான். ராசிபுரத்து நடிகரும் துறையூர் எழுத்தாளரும் சேர்ந்து இராவணனை நாயகனாக்கினார்கள்.

அந்தக் காலச் சூழலை நினைவில் வைத்துக்கொண்டால்தான் இதன் துணிச்சல் புரியும். ஈரோட்டுப் பக்கத்துப் புலவர் குழந்தை 1946இல் 'இராவண காவியம்' எழுதினார். 1948இல் அரசு அதற்குத் தடை போட்டது. 1971 வரை தடை நீங்கவில்லை. எம்.ஆர். ராதா 1954இல் ராமாயண நாடகம் போட்டு ஊர் ஊராகக் கலகம் கிளப்பினார். அதே ஆண்டில் சென்னை மாகாணத்தில் நாடகங்களைக் கட்டுப்படுத்தப் புதுச் சட்டம் வந்தது. அந்த நாளில் இராவணனை மேடையில் ஏற்றினாலே நீ எந்தக் கட்சி என்ற கேள்வி வரும். பக்தர்கள் சந்தேகமாகப் பார்ப்பார்கள், பகுத்தறிவாளர்கள் உரிமை கொண்டாட வருவார்கள்.

மனோகர் இரண்டு பக்கமும் சாயாத ஒரு வழியைப் பிடித்தார். அவருடைய நாடகத்தில் சீதை இராவணனுக்கு மகள். இதைக் கேட்டதும் கொதித்தவர்கள் இருந்தார்கள். ஆனால் இது மனோகரோ மூர்த்தியோ கற்பனையில் கட்டியதில்லை. சமணர்கள் சொல்லி வந்த இராமாயணங்களில், ஒன்பதாம் நூற்றாண்டுக் குணபத்திரரின் உத்தரபுராணத்திலேயே, சீதை இராவணனுக்கும் மண்டோதரிக்கும் பிறந்து கைவிடப்பட்ட பெண்தான். இந்த முடிச்சைப் போட்டதும் கதையின் அச்சே மாறிவிடுகிறது. பெண்ணாசையால் அழிந்தவன் என்று நூற்றாண்டுகளாகப் பட்டம் சுமந்தவன், பெற்ற மகளை அருகில் வைத்துக்கொள்ளத் துடித்து, அதைச் சொல்லவும் முடியாமல் போருக்குப் போன தகப்பன் ஆகிறான். இராமனைக் குறைத்து ஒரு வார்த்தை பேச வேண்டிய தேவையே இல்லாமல் இராவணன் உயர்ந்துவிடுகிறான். பக்தரும் பார்க்கலாம், பகுத்தறிவாளரும் பார்க்கலாம், பெண் பிள்ளையைப் பெற்றவர் யாரும் கண் கலங்காமல் எழுந்து போக முடியாது.

ஆரம்பத்தில் எதிர்ப்பு வந்தது, வசூலும் சுணங்கியது. நாடகம் நிற்கவில்லை. இலங்கைக்கே போய் இலங்கேஸ்வரனாக நடித்துத் தமிழர்களின் கைதட்டலை வாங்கினார். ஆயிரம் மேடைகளுக்கு மேல் அந்த ஒரு நாடகம் ஏறியது.

இதற்கு முன்மாதிரி எங்கே என்று தேடினால் தூரம் போக வேண்டாம். நம் சேலம், நாமக்கல் வட்டாரத் தெருக்கூத்தைப் பாருங்கள். கூத்தில் யாருக்குப் பெரிய கிரீடம்? யாருக்குப் புஜக்கட்டை? யார் திரை மறைவில் நின்று மத்தளத்துக்குக் கால் போட்டு, கூட்டத்தைக் காக்க வைத்து வெளியே வருகிறார்கள்? இரணியனும் துரியோதனனும்தான். விடியற்காலையில் அவர்கள் சாக வேண்டியவர்கள் என்று பார்க்கிற பாட்டிக்கும் தெரியும், பேரனுக்கும் தெரியும். ஆனாலும் ராத்திரி முழுக்க மேடை அவர்களுடையது. தங்கள் வீரம், தங்கள் கோபம், தங்கள் மேல் விழுந்த பழி என்று எல்லாவற்றையும் பாட்டாகவும் வசனமாகவும் கொட்டித் தீர்த்த பிறகே சாவார்கள். தோற்கிறவனை முழுதாகக் கேட்டுவிட்டுத் தோற்கடிப்பது இந்த மண்ணின் நாடக மரபு. படித்த நகரத்து மேடையில், மின்விளக்கும் மைக்கும் வைத்து மனோகர் செய்ததும் அதுவே. கூத்துக்காரர்களிடம் அவர் உட்கார்ந்து பாடம் கேட்டாரா என்பது வேறு விஷயம். கூத்து வளர்த்த கண்கள் அவருடைய நாடகத்தைப் பார்க்கத் தயாராக இருந்தன.

'சாணக்கிய சபதம்' தனியாகச் சொல்ல வேண்டிய நாடகம். அவிழ்த்த குடுமியோடு நந்த வம்சத்தை வேரறுக்கச் சபதம் போடும் சாணக்கியனாக மனோகரின் குரல் என்னவெல்லாம் செய்தது என்று பார்த்தவர்கள் இன்றும் பேசுவார்கள். உடம்பு கனமானது, உயரமான ஆள், அடித்தொண்டையிலிருந்து வரும் குரல். திரையில் அந்தக் குரலை மிரட்டலுக்கு மட்டும் வாங்கினார்கள். மேடையில் அதே குரலை அவர் கெஞ்சவும் குமுறவும் ஒரு வாக்கியத்தின் நடுவில் உடையவும் பழக்கினார். பிற்காலத்தில் திருநாவுக்கரசர், துரோணர், ஒட்டக்கூத்தர் என்றும் போனார். அப்போதும் தேர்ந்தெடுத்த ஆட்களைக் கவனியுங்கள். துரோணர் ஏகலைவனின் கட்டைவிரலைக் கேட்டு வாங்கிய பழியைச் சுமப்பவர். ஒட்டக்கூத்தர் புலவர்களின் தலையை வெட்டத் துணிந்தவர் என்ற கதையைச் சுமப்பவர். குற்றம் சாட்டப்பட்டு நிற்பவர்கள் மேல்தான் அவருக்குக் கண்.

டிரிக் சீன்களுக்கு வருவோம். மனோகர் நாடகம் என்றால் குழந்தை குட்டியோடு குடும்பமே போனதற்கு அதுவும் ஒரு காரணம். வானத்தில் ரதம் போகும், அசுரன் மலையாவான், மரமாவான், இடி இடித்து இருண்டு வெளிச்சம் வருவதற்குள் காடு அரண்மனையாகியிருக்கும். சி. கன்னையா கம்பெனியும் நவாப் ராஜமாணிக்கம் கம்பெனியும் வளர்த்த வித்தை இது. இந்த மாதிரிக் காட்சிகள் எப்படி நடக்கின்றன என்று பக்கத்தில் நின்று பார்த்தால் நடிகர்களை விட உள்ளே இருக்கிற ஆட்கள்மேல் மரியாதை வரும். மேடையின் பின்பக்கம் முழுக்கக் கறுப்பு வெல்வெட் படுதா. அதன் முன்னால் தலை முதல் கால் வரை கறுப்பு உடுத்திய ஒருவர் நின்றாலும், பார்வையாளர் பக்கம் கண் கூசும்படி வெளிச்சம் அடிக்கும்போது அவர் தெரிய மாட்டார். அவர் கையில் பிடித்த தலையோ வாளோ மட்டும் அந்தரத்தில் மிதக்கும். லைட் போடுகிறவர் அரை நொடி முந்தினால் கறுப்புச் சட்டைக்காரர் தெரிந்து போவார், கொட்டகை சிரித்துவிடும். படுதா இழுக்கிறவர், தட்டி தள்ளுகிறவர், இடிச் சத்தத்துக்குத் தகரம் உலுக்குகிறவர் எல்லோரும் வசனத்தில் எந்தச் சொல்லுக்கு என்ன செய்ய வேண்டும் என்று மனப்பாடமாக வைத்திருப்பார்கள். நடிகர் வசனத்தை மாற்றினால் மேலேயிருந்து ஒரு தட்டி தலையில் இறங்கும். அதனால் இப்படிப்பட்ட குழுவில் ஒழுக்கம் கெட்ட நடிகன் ஒரு மாதம் தாங்க மாட்டான். நாடகத்தைத் தானே நடத்தி, இயக்கி, தலைமை வேடமும் கட்டிய மனோகர், வசனத்தின் உச்சத்தில் குமுறிக்கொண்டிருக்கும்போதே அந்த நொடிகளையும் எண்ணிக்கொண்டிருந்தார்.

அவருடைய சமகாலத்துச் சென்னை சபாக்களில் வேறொரு நாடகம் வளர்ந்துகொண்டிருந்தது. ஒரு சோபா, ஒரு டெலிபோன், ஒரு கதவு போதும். அந்த மேடையிலிருந்து கே. பாலசந்தரும் சோவும் வந்தார்கள். சோவின் 'முகம்மது பின் துக்ளக்' 1968இல் ஊரையே பேச வைத்தது. நல்ல நாடகங்கள் அவை, அதில் சந்தேகமில்லை. ஆனால் அவற்றுக்குச் செலவு குறைவு, ஆள் குறைவு, லாரி தேவையில்லை. மனோகர் குழு ஓர் ஊருக்குப் போவதென்றால் செட்டுகளும் உடைப் பெட்டிகளும் விளக்குகளும் நடிகர்களும் தொழிலாளர்களுமாக ஒரு படையே கிளம்ப வேண்டும். ஒரு நாடகம் முடிந்து கணக்குப் பார்த்தால் கையில் நிற்பது சொற்பம். அடுத்த நாடகத்துக்குப் புது செட் போட மறுபடி யாரோ ஒரு கதாநாயகனிடம் அடி வாங்கப் போக வேண்டும். அவருடைய சினிமா வாழ்க்கையை இப்படிப் பார்க்கும்போது ஒவ்வொரு சண்டைக் காட்சிக்கும் வேறொரு பொருள் கிடைக்கிறது. ஜெய்சங்கரின் குத்து ஒவ்வொன்றும் சூரபதுமனுக்கு ஒரு படுதா வாங்கிக் கொடுத்தது.

'நாடகக் காவலர்' என்று நாடு அவருக்குப் பட்டம் கொடுத்தது. பொருத்தமான பட்டம்தான். ஆனால் காவல் காத்தவருக்கு நாம் என்ன காவல் செய்தோம் என்று கேட்க வேண்டியிருக்கிறது. 2006 ஜனவரி 10ஆம் தேதி சென்னையில் அவர் காலமானார். அவர் நடித்த சினிமாக்கள் தொலைக்காட்சியில் இன்றும் வருகின்றன. அரை நூற்றாண்டு உழைப்பைக் கொட்டிய மேடைக்கு அந்த வாய்ப்பு இல்லை. 'வண்ணக்கிளி'யின் பூச்சியை இன்று இரவே பார்க்கலாம். இலங்கேஸ்வரனை மைக் முன்னால் நின்று அவர் எப்படி அழ வைத்தார் என்பதை நேரில் கண்டவர் சொல்லித்தான் தெரிந்துகொள்ள வேண்டும். அந்தத் தலைமுறைக்கு இப்போது எழுபது, எண்பது வயது.

மோகனூரில் நின்று இதைப் பேசுவதற்குக் காரணம் இருக்கிறது. 1888இல் இதே ஊரில் பிறந்த ராமலிங்கம் பிள்ளையை நாமக்கல் கவிஞர் என்று நாடு அறியும். விடுதலைப் போராட்டக் கவிஞர், ஓவியர், 1949இல் சென்னை மாகாணத்தின் அரசவைக் கவிஞர். அவர் எஸ்.ஜி. கிட்டப்பாவின் நாடகங்களுக்குப் பாட்டு எழுதிக் கொடுத்தவர் என்பதும், அவருடைய 'மலைக்கள்ளன்' 1954இல் எம்.ஜி.ஆர் நடித்துப் படமாக வந்தது என்பதும் நமக்குத் தெரியும். ஏன் தெரியும்? அவர் 'என் கதை' என்று தன் வாழ்க்கையைத் தானே எழுதி வைத்துப் போனார். டி.கே. சண்முகம் 'எனது நாடக வாழ்க்கை' எழுதினார், அதனால் பாய்ஸ் கம்பெனிகளின் உலகம் நமக்குக் கிடைத்தது. மனோகரின் மேடையைப் பற்றி அப்படிக் கையில் எடுத்துப் படிக்கும்படியான முழுமையான பதிவு நம்மிடம் இல்லை. நாமக்கல் மாவட்டம் தன் பிள்ளை என்று அவரைச் சொல்லிக்கொள்ளவே இன்னும் சரியாகத் தொடங்கவில்லை.

செய்ய வேண்டிய வேலை பெரிய செலவு பிடிப்பதும் இல்லை. நாடக நோட்டீஸ்கள் பழைய பெட்டிகளில் இருக்கும். திருவிழாவுக்கும் பொருட்காட்சிக்கும் நாடகம் பேசி முடித்த கான்ட்ராக்டர்களின் குடும்பங்களில் கடிதங்கள் இருக்கும், ரசீதுகள் இருக்கும். அவருடைய குழுவில் வேடம் கட்டியவர்கள், படுதா இழுத்தவர்கள், ஆர்மோனியம் வாசித்தவர்கள் தமிழ்நாடு முழுக்க இன்னும் இருக்கிறார்கள். நம் கல்லூரிகளில் தமிழ் முதுகலை படிக்கும் பிள்ளைகள் ஆளுக்கு ஒருவரைத் தேடிப்போய் உட்கார்ந்து, செல்போனிலேயே பதிவு செய்து, எழுத்தாக்கி, இங்கிருக்கும் நூலகத்தில் சேர்க்கலாம். 'இலங்கேஸ்வரன்', 'சாணக்கிய சபதம்' நாடகப் பிரதிகளைத் தேடி அச்சிடலாம். இந்த வட்டாரத்துக் கூத்துக் கலைஞர்களையும் அதில் சேர்த்துக்கொள்ளுங்கள். இரணியன் வேடம் கட்டும் வாத்தியார் ஒருவரிடம் 'இலங்கேஸ்வரன்' பிரதியைக் கொடுத்து வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள். எந்த இடத்தில் அவர் குரலை ஏற்றுகிறார், எந்த இடத்தில் நிறுத்துகிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். உங்கள் வீட்டில் மனோகர் நாடகம் பார்த்த பெரியவர்கள் யாராவது இருந்தால், இந்த வாரமே கேட்டு எழுதத் தொடங்குங்கள்.